ஓசூரில் 20 லிட்டர், கரூரில் பத்தரை: குறை மாட்டிலா, வளர்ப்பிலா?

கேள்வி: ஐயா, கரூர் மாவட்டத்தில் எங்களுக்கு மூன்று ஏக்கர் கிணற்றுப் பாசனம். ஜனவரி கடைசியில் ஓசூர் பக்கம் ஒரு பண்ணையில் எச்.எஃப். (ஹோல்ஸ்டீன் ஃப்ரீசியன்) கலப்பு மாடு ஒன்று வாங்கினோம். இரண்டாம் ஈத்து, கன்று போட்டு நாற்பது நாள், கிடேரிக் கன்றோடு. அங்கேயே தங்கி மூன்று வேளை கறந்து பார்த்த பிறகுதான் பிடித்தோம், காலை 11, மாலை 9, ஆக 20 லிட்டர். இப்போது மே மாதம், இரண்டு வேளையும் சேர்த்து பத்தரையைத் தாண்டவில்லை. பால் குறையக் குறைய அடர்தீவனத்தையும் 8 கிலோவிலிருந்து 5 கிலோவுக்குக் கொண்டுவந்துவிட்டோம். கன்றுக்கு விடும் பாலையும் குறைத்தாயிற்று. இரண்டு தடவை சினை ஊசி போட்டும் நிற்கவில்லை. "ரத்தமே சரியில்லாத மாட்டை நம் தலையில் கட்டிவிட்டான், விற்றுவிட்டு குஜராத் கிர் மாடு பிடிப்போம்" என்கிறார் அண்ணன். "மாடு நல்ல மாடுதான், நம்ம வளர்ப்புதான் சரியில்லை" என்கிறார் அப்பா. யார் சொல்வது சரி? இந்தக் கன்று வளர்ந்தால் தாய் மாதிரி 20 லிட்டர் கறக்குமா?

பதில்:

தம்பி, வணக்கம். முதலில் மாட்டை விற்க வேண்டாம். மே மாதத்தில் இந்த நிலையில் சந்தைக்குக் கொண்டுபோனால் வாங்கின விலையில் பாதி வந்தாலே அதிகம், அப்புறம் அதே வெயிலில் அதே கொட்டகையில் இன்னொரு மாட்டைக் கட்டிவிட்டு மறுபடி எனக்குக் கடிதம் எழுதுவீர்கள்.

இருபதிலிருந்து பத்தரைக்கு வந்ததில் ஒன்பதரை லிட்டர் போயிருக்கிறது என்று நீங்கள் கணக்குப் போடுகிறீர்கள். அதில் பாதி யாருடைய தப்பும் இல்லை. எந்தக் கறவை மாடும் கன்று போட்டு ஆறிலிருந்து எட்டு வாரத்துக்குள் உச்சத்தைத் தொடும், அதற்குப் பிறகு மாதத்துக்கு ஏழெட்டு சதவீதம், சிலதில் பத்து சதவீதம் வரை இறங்கிக்கொண்டே போகும். நீங்கள் நாற்பதாம் நாளில், கிட்டத்தட்ட உச்சத்தில் பார்த்திருக்கிறீர்கள். விற்கிறவர்கள் அந்த நாளில்தான் காட்டுவார்கள், அதில் ஏமாற்று எதுவும் கிடையாது. மூன்று வேளை கறந்து பார்த்தது நல்ல வேலை, இல்லாவிட்டால் ஒரு வேளைப் பாலை மடியில் தேக்கிவைத்துக் காட்டினார்களோ என்ற சந்தேகமும் சேர்ந்திருக்கும். மாதத்துக்கு எட்டு சதவீதம் என்று வைத்துப் பாருங்கள். இந்த மாடு ஓசூரிலேயே இருந்திருந்தாலும் இன்றைக்குச் சுமார் 15 லிட்டர்தான் கறந்திருக்கும். ஆகவே நாம் தேட வேண்டியது நாலரை லிட்டரை.

அந்த நாலரையில் ஒரு பங்கு உங்கள் தீவனக் கூடையிலேயே இருக்கிறது. நாங்கள் சொல்லும் சாதாரணக் கணக்கு என்னவென்றால், உடம்பைக் காப்பாற்ற ஒன்றரை கிலோ அடர்தீவனம், அதற்கு மேல் ஒவ்வொரு இரண்டரை முதல் மூன்று லிட்டர் பாலுக்கும் ஒரு கிலோ. நீங்கள் கொடுக்கும் 5 கிலோவில் ஒன்றரை உடம்புக்குப் போனால் மிச்சம் மூன்றரை. மூன்றரை கிலோவுக்கு எவ்வளவு பால் வரும்? ஒன்பதிலிருந்து பத்தரை லிட்டர். மாடு கணக்குத் தப்பாமல் கறக்கிறது! பால் குறைந்தது, அதனால் தீவனத்தைக் குறைத்தீர்கள், தீவனம் குறைந்ததால் பால் இன்னும் குறைந்தது, அதைப் பார்த்து மறுபடி தீவனத்தைக் குறைத்தீர்கள். பாதிக்கு மேற்பட்ட வீடுகளில் இதுதான் நடக்கிறது. அதற்காக நாளைக் காலையிலேயே மூன்று கிலோவை ஒரே மூச்சில் ஏற்றிவிடாதீர்கள், வயிறு கெட்டுவிடும். முதல் வயிற்றில் இருக்கும் நுண்ணுயிர்கள்தான் தீனியைச் செரிக்கின்றன, தீனி மாறினால் அந்தக் கூட்டமே மாற வேண்டும், அதற்கு இரண்டு வாரம் ஆகும். ஓசூரில் அவர்கள் என்ன போட்டார்கள் என்று விசாரித்தீர்களா? அந்தப் பக்கம் மக்காச்சோள சைலேஜும் (காற்றுப் புகாமல் மூடிப் பதப்படுத்தின தீனி) பசுந்தீவனமும் போடுகிறவர்கள் நிறைய. அங்கிருந்து வண்டி ஏறி வந்து இறங்கின அன்றே சோளத்தட்டையும் கடலைக்கொடியையும் முன்னால் போட்டிருந்தால், மாட்டுக்கு வாய் பழகினாலும் வயிறு பழக நாளாகியிருக்கும்.

அடுத்தது வெயில், இதுதான் பெரிய பங்கு என்று நினைக்கிறேன். எச்.எஃப். இனம் நெதர்லாந்து, வடக்கு ஜெர்மனி பக்கத்துக் குளிர்ச்சியான புல்வெளியில் உருவானது. 5 முதல் 25 டிகிரி வரைதான் அதற்குச் சுகம். ஓசூர் கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 900 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, ஜனவரியில் அங்கே நீங்களே போர்வை போர்த்தித்தான் படுத்திருப்பீர்கள். கரூரில் மே மாதம் எப்படி என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வெப்பத்தையும் காற்றின் ஈரத்தையும் சேர்த்து ஒரு குறியீடு போடுவோம், அது 72-ஐத் தாண்டினால் எச்.எஃப். மாட்டுக்குத் தொல்லை ஆரம்பம், நிறையக் கறக்கும் மாட்டுக்கு 68-லேயே ஆரம்பம். 38 டிகிரி வெயில், 35 சதவீத ஈரம் என்றால் அது 85 வரை போகும். அதற்கு மேல் உங்கள் கொட்டகைக்குச் சிமெண்ட் ஷீட் கூரையாக இருந்தால் (கடிதத்தில் எழுதவில்லை, ஆனால் எனக்குப் பந்தயம் கட்டத் தோன்றுகிறது) மேலேயிருந்து அடுப்பு எரிகிற மாதிரிதான்.

ஒரு சோதனை செய்து பாருங்கள். மதியம் இரண்டு மணிக்கு, மாடு நிழலில் நிற்கும்போது, விலாப் பக்கம் ஏறி இறங்குவதை ஒரு நிமிடம் எண்ணுங்கள். 50-க்குள் இருந்தால் பரவாயில்லை. 60-ஐத் தாண்டினால் வெப்பம் தாக்குகிறது, 80-ஐத் தாண்டினால் கடுமை. வாயைத் திறந்து எச்சில் ஒழுக நின்றால் எண்ணவே வேண்டாம், வாளியை எடுங்கள். தெர்மாமீட்டர் இருந்தால் ஆசனவாயில் வைத்துப் பாருங்கள், 101-102 டிகிரி ஃபாரன்ஹீட் சரி, மாலையில் தொடர்ந்து 102.5-க்கு மேல் காட்டினால் உடம்பு சூட்டை வெளியேற்ற முடியாமல் திணறுகிறது என்று அர்த்தம்.

வெயிலில் மாடு தீனி குறைவாகத் தின்கிறது, அதனால்தான் பால் குறைகிறது என்று பலரும் நினைக்கிறார்கள். அது ஒரு பகுதிதான். குளிர்ந்த இடத்தில் இருக்கும் மாட்டுக்கு, வெயில் மாடு தின்ற அளவே தீனி கொடுத்துப் பார்த்த ஆய்வுகள் இருக்கின்றன, அப்போதும் வெயில் மாட்டுக்குத்தான் பால் அதிகமாகக் குறைந்தது. மூச்சு வாங்கியே சக்தி செலவாகிறது, எச்சில் ஒழுகிப் போவதால் வயிற்றின் அமிலத்தை அடக்க வேண்டிய உப்பும் போய்விடுகிறது, குளிர்விப்பதற்காக ரத்தம் தோல் பக்கம் திரும்புகிறது. சினை நிற்காததற்கும் பெரும்பாலும் இதுவே காரணம். கருமுட்டையும் முதல் சில நாள் கருவும் சூட்டுக்கு ரொம்பவே பலவீனமானவை.

சரி, அண்ணன் ரத்தம் என்கிறார், அப்பா வளர்ப்பு என்கிறார். இரண்டு பேருமே பாலை இரண்டு கூறாகப் பிரித்து, இது மரபணு கொடுத்தது, அது தீனி கொடுத்தது என்று தனித்தனியாக எடுத்து வைக்கலாம் என்று நினைக்கிறார்கள். அப்படிப் பிரிக்கவே முடியாது. உங்கள் கிணற்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஐந்து எச்.பி. மோட்டாரையும் ஏழரை எச்.பி. மோட்டாரையும் மாற்றி மாற்றி ஒன்றேகால் இஞ்ச் குழாயில் மாட்டிப் பாருங்கள், தண்ணீரில் பெரிய வித்தியாசம் தெரியாது, கரண்டு பில்லும் மோட்டார் சூடும்தான் ஏறும். குழாயை மூன்று இஞ்சாக மாற்றினால் அப்போதுதான் பெரிய மோட்டாரின் பவிசு தெரியும். வந்து விழும் தண்ணீரில் எத்தனை லிட்டர் மோட்டாருடையது, எத்தனை லிட்டர் குழாயுடையது என்று கேட்டால் என்ன பதில் சொல்வது? மாட்டிலும் இதே கதைதான். நல்ல தீனி, குளிர்ந்த கொட்டகை உள்ள பண்ணையில் நல்ல ரத்தத்துக்கும் சாதா ரத்தத்துக்கும் எட்டு பத்து லிட்டர் வித்தியாசம் தெரியும். வறட்டுத் தட்டும் தவிடும் மட்டும் போடும் இடத்தில் இரண்டும் ஆறு லிட்டரில் வந்து நிற்கும். இன்னும் மோசமான இடத்தில் வரிசையே தலைகீழாக மாறிவிடும், நிறையக் கறக்கப் பிறந்த மாடு உடம்பைக் கரைத்துக் கறந்து, சினை பிடிக்காமல், மடிநோய் வந்து படுத்துவிடும், பக்கத்து வீட்டு எட்டு லிட்டர் மாடு வருஷம் ஒரு கன்று போட்டுக்கொண்டு அது பாட்டுக்கு நிற்கும்.

பால் அளவில் மரபின் பங்கு 30 சதவீதம் என்று யாராவது சொல்லிக் கேட்டிருப்பீர்கள். அந்த எண் ஏறக்குறைய சரிதான், ஆனால் அதை எல்லோரும் தப்பாகப் புரிந்துகொள்கிறார்கள். உங்கள் மாடு கறக்கும் பத்து லிட்டரில் மூன்று லிட்டர் மரபணுவிலிருந்து வருகிறது என்று அதற்கு அர்த்தம் கிடையாது. ஒரு கூட்டத்தில் மாட்டுக்கு மாடு பால் வித்தியாசப்படுகிறதே, அந்த வித்தியாசத்தில் சுமார் 30 சதவீதத்தை மரபணு வித்தியாசத்தால் விளக்கலாம் என்பதுதான். அது கூட்டத்தைப் பற்றிய எண், உங்கள் தொழுவத்தில் நிற்கும் ஒற்றை மாட்டைப் பற்றி அது ஒன்றும் சொல்லாது. எல்லா மாட்டுக்கும் ஒரே தீனி, ஒரே கொட்டகை என்று ஆக்கிவிட்டால் அந்த எண்ணே ஏறிவிடும், ஏனென்றால் வித்தியாசப்பட மரபு மட்டும்தான் மிச்சம் இருக்கும். குணத்துக்குக் குணமும் மாறும். கொழுப்புச் சத்தின் சதவீதத்தில் மரபின் பிடி பால் அளவைவிட அதிகம், ஜெர்ஸி கலப்பின் பால் எந்த ஊரில் கட்டினாலும் எச்.எஃப். பாலைவிடக் கெட்டியாக இருப்பது அதனால்தான். சினை பிடிப்பதில் மரபின் பங்கு ரொம்பக் குறைவு, பத்து சதவீதத்தைக்கூடத் தொடாது. ஆகவே இரண்டு தடவை நிற்காததை வைத்து மாட்டை மலட்டு ரத்தம் என்று யாராவது சொன்னால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள்.

உங்கள் ஊர்க்காரருக்கு இதை விளங்க வைக்க காங்கேயம் மாடே போதும். கன்று பிறக்கும்போது செம்பழுப்பு நிறம், ஆறு மாதத்துக்குள் சாம்பல் நிறத்துக்கு மாறிவிடும். அதற்கப்புறம் காளையாக விட்டால் திமிலும் முன் சப்பையும் பின் சப்பையும் கருத்துக்கொண்டே போகும். அதே கன்றுக்குக் காயடித்து எருதாக்கினால் அந்தக் கருப்பு வராது, வெளிர் சாம்பலாகவே நிற்கும். மரபணு ஒன்றுதான், அது எப்போது எவ்வளவு வேலை செய்ய வேண்டும் என்பதை உடம்புக்குள் ஓடும் சுரப்புநீர் தீர்மானிக்கிறது, அந்தச் சுரப்புநீர் இருக்கட்டுமா வேண்டாமா என்பதை நீங்கள் தீர்மானித்துவிட்டீர்கள். ஆய்வகத்தில் நகலாக்கம் செய்து பிறந்த எச்.எஃப். மாடுகளுக்கு மரபணு அச்சு அசல், ஆனால் மேலே இருக்கும் கருப்பு வெள்ளைத் திட்டுகள் ஒன்றுபோல் அமைவதில்லை. திட்டு எவ்வளவு என்பதில் மரபுக்குப் பங்கு உண்டு, எந்த இடத்தில் விழும் என்பது கருவில் நிறச் செல்கள் எங்கே எப்போது போய்ச் சேர்ந்தன என்பதைப் பொறுத்தது.

கிர் மாட்டுக்கு வருகிறேன். கிர் நல்ல மாடு, அதில் எனக்கு மறுப்பு இல்லை. தோல் தளர்ச்சி, குட்டை முடி, நன்றாக வேர்க்கும், உண்ணித் தொல்லையும் குறைவு. ஆனால் யூடியூபில் பிரேசில் கிர் காட்டி லிட்டர் கணக்குச் சொல்கிறார்களே, அந்தப் பேச்சைக் கேட்டு முன்பணம் கொடுத்துவிடாதீர்கள். நம் நாட்டிலிருந்து போன மாடுகள்தான் அவை, ஆனால் பிரேசிலில் 1985 முதல் மகள்களின் பாலை அளந்து காளைகளைத் தேர்ந்தெடுக்கும் திட்டத்தை விடாமல் நடத்தினார்கள், கூடவே புல்லையும் தீனியையும் மேம்படுத்தினார்கள். இங்கே தரகர் பிடித்து வரும் கிர்ரில் அந்தத் தேர்வும் இருக்காது, அந்தப் புல்லும் இருக்காது. இன்னொன்று, நாட்டு மாடு வெயில் தாங்குவதில் ஒரு பகுதி அது குறைவாகக் கறப்பதாலேயே வருகிறது. பால் சுரப்பதே சூடு கிளப்பும் வேலை, இருபது லிட்டர் கறக்கும் எந்த மாடும், அது கிர்ராகவே இருந்தாலும், உள்ளுக்குள் அதிகச் சூட்டை உண்டாக்கிக்கொண்டுதான் இருக்கும். வெயில் தாங்குவதில் மரபுக்குப் பங்கே இல்லை என்று சொல்லவில்லை. கரீபியக் கடல் தீவிலிருந்து வந்த செனிபோல் என்ற மாட்டினத்தில் ஒரே ஒரு மரபணு மாற்றம் முடியை வழவழவென்று குட்டையாக்கிவிடுகிறது, அதை எச்.எஃப். மாட்டுக்குள் கொண்டுவந்தபோது கோடையில் உடம்புச் சூடும் பால் இழப்பும் குறைந்தன. ஆக ரத்தத்தை இடத்துக்குத் தக்க மாற்றலாம், அதற்குத் தலைமுறைகள் ஆகும். இடத்தை மாட்டுக்குத் தக்க மாற்றுவது சீக்கிரம் நடக்கும், செலவு பிடிக்கும். இஸ்ரேலில் கடும் வெயிலில் அதே எச்.எஃப். இனம் ஆண்டுக்குச் சராசரியாக 11,000 லிட்டருக்கு மேல் கறக்கிறது, ஒரு நாளில் பல தடவை தண்ணீர் அடித்து, மின்விசிறி ஓட்டி, தீனியை எடைபோட்டுக் கொடுக்கிறார்கள். நமக்கு அந்த வசதி இல்லை, அவ்வளவு தேவையும் இல்லை.

உங்களால் இந்த வாரமே முடிகிற காரியங்கள் இருக்கின்றன. கூரைக்கு மேலே வெள்ளைச் சுண்ணாம்பு அடியுங்கள், அதற்கு மேல் தென்னங்கீற்று போட்டால் இன்னும் நல்லது. மதியம் மாட்டைக் கொட்டகைக்குள் அடைக்காமல் வேப்பமரமோ புளியமரமோ இருந்தால் அதன் அடியில் கட்டுங்கள். மேலே தண்ணீரைத் தெளிப்பதைவிட முதுகு நனையும்படி ஊற்றிவிட்டு மின்விசிறியைத் திருப்பிவிடுவது மேல், ஈரம் காற்றில் காயும்போதுதான் சூடு இறங்கும். கரூர் வெயில் வறண்ட வெயில், ஆகவே இது உங்களுக்கு நன்றாகவே வேலை செய்யும், கடலோர ஊர்க்காரர்களுக்கு இவ்வளவு பலன் இருக்காது. காற்றே புகாத கொட்டகையில் தண்ணீரை மட்டும் அடித்தால் புழுக்கம்தான் கூடும், அதைச் செய்யாதீர்கள். குடிக்கத் தண்ணீர் நாள் முழுக்க முன்னால் இருக்க வேண்டும், நேரத்துக்கு நேரம் வாளியில் காட்டுவது போதாது, கோடையில் இந்த மாடு 80, 100 லிட்டர் குடிக்கும். தொட்டி வெயிலில் இருந்தால் நிழலுக்கு மாற்றுங்கள், வெந்நீரை எந்த மாடு குடிக்கும்? தீனியைக் காலை ஆறு மணிக்கு முன்னும் இரவு எட்டுக்குப் பின்னுமாக அதிகம் வையுங்கள், பகலில் அசை போடட்டும். அடர்தீவனத்தை நாலைந்து நாளைக்கு ஒரு தடவை அரைக் கிலோ வீதம் ஏற்றி 7 கிலோவுக்குக் கொண்டுவாருங்கள், மூன்று நான்கு வேளையாகப் பிரித்து. கோ-4 அல்லது கோ-5 புல் பத்து சென்ட் இருந்தாலும் நடுங்கள். தாது உப்புக் கலவையை நிறுத்தியிருந்தால் மறுபடி ஆரம்பியுங்கள், கூடவே நாளுக்கு நூறு கிராம் சமையல் சோடா தீவனத்தில் கலக்கலாம், உங்கள் ஊர் கால்நடை மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டு. அவரிடம் மடியையும் காட்டிவிடுங்கள், வெளியே தெரியாத மடிநோய் இருந்தால் நான் சொன்னது எதுவும் பால் கூட்டாது. இதெல்லாம் செய்தால் பன்னிரண்டு பதின்மூன்று லிட்டர் வரலாம் என்பது என் எதிர்பார்ப்பு. இந்த ஈத்தில் 20 திரும்ப வராது, அதை மறந்துவிடுங்கள்.

இனி கன்று. உங்கள் கடிதத்தில் எனக்குக் கோபம் வந்த ஒரே இடம், கன்றுக்கு விடும் பாலைக் குறைத்தாயிற்று என்று போகிற போக்கில் எழுதியிருந்தீர்களே, அதுதான்.

ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். இதன் தாய், பண்ணையில் அதோடு நின்ற மற்ற மாடுகளைவிட நாளுக்கு 6 லிட்டர் அதிகம் கறந்தது என்று வைத்துக்கொள்வோம். அந்த ஆறில் மரபால் வந்தது என்று எடுத்துக்கொள்ளக்கூடியது சுமார் 30 சதவீதம், அதாவது 1.8 லிட்டர். தாய் தன் மரபணுவில் பாதியைத்தான் கன்றுக்குக் கொடுக்கிறது, ஆக மகளுக்கு எதிர்பார்க்கக்கூடியது 0.9 லிட்டர். அவ்வளவுதான்! இருபது லிட்டர் மாட்டின் கன்று என்று கூடுதல் விலை கொடுக்கிறவர்கள் பெரும்பாலும் இந்த ஒரு லிட்டருக்குத்தான் கொடுக்கிறார்கள். மிச்சப் பாதி காளையிடமிருந்து வருகிறது, அந்தக் காளை எது என்று பெரும்பாலும் யாரும் கேட்பதே இல்லை. தாயிடமிருந்து எந்தப் பாதி வரும் என்பதும் சீட்டுக் குலுக்கல்தான், ஒரே தாய்க்கும் ஒரே காளைக்கும் பிறந்த இரண்டு கிடேரிகளில் ஒன்று அருமையாகவும் மற்றது சாதாரணமாகவும் அமைவதை நீங்களே பார்த்திருப்பீர்கள்.

இப்போது மறுபக்கம். அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்தில் 2012-ல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். பால்குடி மறக்கும் முன் கன்று நாளுக்கு எவ்வளவு எடை கூடியது என்பதை, அது வளர்ந்து முதல் ஈத்தில் கறந்த பாலோடு வைத்துப் பார்த்தார்கள். நாளுக்கு ஒரு கிலோ கூடுதலாக வளர்ந்தால் முதல் ஈத்தில் 850 கிலோ பால் கூடுதல் என்ற கணக்கு வந்தது. நம் வீடுகளில் நாளுக்கு 300 கிராம் ஏறும் கன்றை நல்ல பால் கொடுத்து 600 கிராமுக்குக் கொண்டுவந்தால், அந்தக் கணக்குப்படி ஒரு ஈத்துக்கு 250 கிலோவுக்கு மேல், நாளுக்கு ஏறக்குறைய 0.8 லிட்டர். அங்கத்திய மாடு, அங்கத்திய தீனி, இங்கே அப்படியே பொருந்தும் என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். ஆனாலும் பாருங்கள், தாயின் புகழ்பெற்ற ரத்தம் கன்றுக்குக் கொடுக்கிற அளவுக்குப் பக்கத்தில், முதல் இரண்டு மூன்று மாதம் நாம் கொடுக்கும் பாலும் கொடுக்கிறது. மடித்திசு உருவாவதற்கான அடித்தளம் அந்த வயதிலேயே போடப்படுகிறது, பின்னால் எவ்வளவு தீனி கொட்டினாலும் அந்த நாட்களைத் திரும்ப வாங்க முடியாது.

இதைவிட முன்னாலேயே, வயிற்றில் இருக்கும்போதே கதை தொடங்கிவிடுகிறது. ஃபுளோரிடா பல்கலைக்கழகத்தில் சினையின் கடைசி ஒன்றரை மாதம் சில மாடுகளை வெறும் நிழலில் விட்டார்கள், சிலவற்றுக்கு நிழலோடு தண்ணீரும் மின்விசிறியும் கொடுத்தார்கள். வெறும் நிழலில் சூடு தாங்கி நின்ற தாய்களுக்குப் பிறந்த மகள்கள் வளர்ந்து கறந்தபோது நாளுக்கு 2 கிலோவுக்குக் குறையாமல் பால் குறைவு, அந்த மகள்களுக்குப் பிறந்த பேத்திகளிலும் குறைவு தெரிந்தது. பேத்தி வரை எப்படிப் போகிறது என்று கேட்பீர்கள். வயிற்றில் இருக்கும் கிடேரிக் கருவின் சூலகத்தில், நாளை அது பெறப்போகும் கன்றுக்கான முட்டைகள் அப்போதே உருவாகி இருக்கின்றன. ஆக ஒரு சினை மாட்டை வெயிலில் கட்டினால் மூன்று தலைமுறை ஒரே நேரத்தில் வேகிறது. மரபணுவின் எழுத்து இதில் மாறுவதில்லை, எந்த மரபணு திறந்திருக்க வேண்டும், எது மூடியிருக்க வேண்டும் என்ற ரசாயனக் குறிகள் மாறுகின்றன என்று பார்த்திருக்கிறார்கள்.

வயிற்றுக்குள்ளேயே சூழல் மரபை மீறுவதற்கு நாட்டுப்புறத்தில் எல்லோருக்கும் தெரிந்த உதாரணம் இரட்டைக் கன்று. காளைக் கன்றோடு கூடப் பிறந்த கிடேரி பத்தில் ஒன்பது சினை பிடிக்காது. மரபணுப்படி அது முழுக் கிடேரிதான், ஆனால் இரண்டு நஞ்சுக்கொடியின் ரத்தக் குழாய்களும் இணைந்து காளையின் சுரப்புநீர் இதன் உடம்புக்குள் ஓடிவிடுவதால் கருப்பை சரியாக உருவாவதில்லை. உங்கள் கன்று ஒற்றையாகப் பிறந்ததா என்று விற்றவரிடம் ஒரு போன் போட்டுக் கேட்டுவிடுங்கள், இரண்டு வருஷம் தீனி போட்டு வளர்த்த பிறகு தெரிந்துகொள்வதற்கு இது மேல்.

அது ஒற்றைக் கன்று என்றால் உங்களிடம் இருப்பது நல்ல சரக்கு. கடைசி சினை மாதங்களை ஓசூரின் நவம்பர், டிசம்பர் குளிரில் கழித்திருக்கிறது, முதல் நாற்பது நாள் அங்கே பால் குடித்திருக்கிறது. அப்புறம் பட்ட அடியை இனி சரிக்கட்டப் பாருங்கள்: நல்ல கன்றுத் தீவனம் நாளுக்கு ஒரு கிலோவில் தொடங்கி ஒன்றரை வரை, கொஞ்சம் பசும்புல், குடற்புழு மருந்து. ஐந்து மாதம் ஆகிறது, கிடேரிகளுக்குக் கருச்சிதைவு நோய்த் தடுப்பூசி 4 முதல் 8 மாதத்துக்குள் ஒரே தடவை போடுவது, இன்னும் போடவில்லை என்றால் இந்த மாதமே போட்டுவிடுங்கள். 20 லிட்டர் கறக்குமா என்று கேட்டீர்கள். இந்த வளர்ப்பில், இந்தக் கொட்டகையில் கறக்காது. கொட்டகையைச் சரிசெய்து, கன்றைச் சரியாக வளர்த்தால் உச்சத்தில் பதினைந்து பதினாறுக்கு வாய்ப்பு இருக்கிறது, அதற்கு மேல் வந்தால் லாபம்.

கடைசியாகத் தாய்க்கு அடுத்த சினை. பருவம் காலையில் தெரிந்தால் மாலையில் ஊசி, மாலையில் தெரிந்தால் மறுநாள் விடிந்ததும், வெயில் நேரத்தில் வேண்டாம். ஊசி போட்ட அன்றும் அடுத்த ஒரு வாரமும் மாட்டைக் குளிர்ச்சியாக வைத்திருப்பது எந்த டானிக்கைவிடவும் உதவும். மாடு ஏற்கெனவே எவ்வளவு எச்.எஃப். கலந்தது என்று தெரியவில்லை, பார்த்தால் முக்கால்வாசி என்று தோன்றினால் மறுபடியும் எச்.எஃப். ஊசி போடாதீர்கள். சமவெளிக்கு ஜெர்ஸி கலப்பு, மலைப்பக்கத்துக்கு எச்.எஃப். கலப்பு, வெளிநாட்டு ரத்தம் பாதிக்குப் பக்கத்தில் நிற்கட்டும் என்று நம் மாநிலத்தில் வெகுகாலமாகச் சொல்லிவருவது சும்மா இல்லை. உங்கள் ஊருக்கு ஜெர்ஸி கலப்புக் காளையின் ஊசியே போதும். பாலினம் பிரித்த ஊசி கேட்கிறவர்கள் நிறைய, நூற்றுக்கு தொண்ணூறு கிடேரியாக வரும், ஆனால் சினை பிடிப்பது சாதா ஊசியைவிடக் கொஞ்சம் குறைவு. ஏற்கெனவே இரண்டு தடவை தவறிய மாட்டுக்கு, அதுவும் கோடையில், அதைப் போட்டுக் காசை வீணாக்க வேண்டாம்.

தேதியையும் பாருங்கள். ஜூன் முதல் பாதியில் சினை நின்றால் மார்ச்சில் கன்று போடும், வற்றுக்காலம் (கன்று போடும் முன் கறவையை நிறுத்திவைக்கும் நாட்கள்) ஜனவரி, பிப்ரவரியில் வந்துவிடும், நல்லது. ஜூலை, ஆகஸ்ட் என்று தள்ளிப்போனால் வற்றுக்காலம் மார்ச், ஏப்ரல் வெயிலில் விழும். அதற்காக சினையைத் தள்ளிப்போட வேண்டாம், அப்போது கறவையில் இருக்கும் மாட்டுக்குச் செய்வது போலவே வற்றின மாட்டுக்கும் தண்ணீரும் விசிறியும் வையுங்கள், பால் கறக்காத மாடுதானே என்று வெயிலில் கட்டிவிடாதீர்கள். ஊசி போட வருகிறவரிடம் விந்து அடைத்த குச்சியில் அச்சடித்திருக்கும் காளை எண்ணைக் கேட்டு, தேதியோடு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். பாதி ரத்தம் அந்த எண்ணில் இருக்கிறது.